பள்ளப்பேட்டைக் குளத்தில் அடி தெரிந்த கதை

இந்தக் கதையை நான் ஒன்பது வருடமாகச் சந்தேகப்பட்டு வருகிறேன். என் சந்தேகத்துக்குப் பெரிய மதிப்பு கிடையாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். வீட்டைப் பூட்டிவிட்டுத் தெருமுனை வரை போய், பூட்டினோமா என்று திரும்பி வந்து இழுத்துப் பார்த்து, இழுத்ததில் திறந்துகொண்டதோ என்று மறுபடியும் பாதி வழியில் திரும்புகிற ஆள் நான். வயது ஐம்பத்தைந்து. ஒரு மேல்நிலைப் பள்ளியில் வேதியியல் நடத்துகிறேன். தண்ணீர் என்றால் என்ன என்று இருபத்தாறு வருடமாகக் கரும்பலகையில் எழுதி எழுதி அழித்துக்கொண்டிருக்கிறேன்.

எனக்கு இதைச் சொன்னவர் எங்கள் பள்ளியின் சத்துணவு அமைப்பாளர் சௌந்தரவல்லி அக்கா. கேள்விப்பட்டதைச் சொல்கிறவர் இல்லை. கதைக்கு உள்ளேயே இருக்கிறவர். நானூறு பிள்ளைகளின் சாம்பாருக்குக் கண்ணால் பார்த்தே உப்பு போடுகிறவர் பொய் சொல்வார் என்று நினைக்க எனக்கு மனம் வரவில்லை. அவர் சொல்வது உண்மை என்று நினைக்கவும் வரவில்லை. முட்டை உரித்துக்கொண்டே சொல்வார். ஒவ்வொரு முறையும் ஒரே இடத்தில் நிறுத்திவிட்டுக் கையைக் கழுவப் போய்விடுவார்.

அவருடைய ஊர், பஸ்ஸில் வந்துபோகிற தூரத்தில் இருக்கும் பள்ளப்பேட்டை. பெயருக்கு ஏற்ற ஊர். அந்த ஊரிலும் பள்ளமான தெரு கீழத்தெரு. கீழத்தெருவிலும் பள்ளமான வீடு அவருடையது. ஐப்பசி பிறந்தால் கடைத்தெருவில் பெய்கிற மழையெல்லாம் மெக்கானிக் கடையில் கொஞ்சம் ஆயில், கறிக்கடையில் கொஞ்சம் ரத்தம், டீக்கடையில் இருநூறு காகிதக் கப்புகள் என்று எல்லாரையும் விசாரித்துவிட்டு நேராக அக்கா வீட்டு அடுப்படிக்கு வந்து உட்காரும். ஒரு வருடம் தண்ணீர் வடிந்த பிறகு அரிசிப் பானையைத் திறந்தார். உள்ளே ஒரு பெருச்சாளி, போர்த்தி விட்டதுபோல அரிசியை மேலே இழுத்துக்கொண்டு செத்துக் கிடந்தது.

அக்கா பானையை மூடினார். ஒரு பையில் நான்கு புடவையை எடுத்து வைத்தார். அவர் கணவர் தாண்டவமூர்த்தி பேருந்து நிலையத்தில் சைக்கிள் ஸ்டாண்ட் நடத்துகிறவர். சைக்கிள்களைத் தவிர வேறு எதையும் பூட்டி வைத்துப் பழக்கமில்லாததால் வாசலில் சும்மா நின்றார்.

“பேரூராட்சிக்காரங்க மழைத்தண்ணியைச் சுத்தம் பண்றதுக்கு நம்ம தெரு மேல குளம் வெட்டப் போறாங்களாமே, கேட்டியா?” என்றார்.

“கேட்டேன். அந்தக் குளத்துல என்னைக்கு அடி தெரியுதோ அன்னைக்கு வர்றேன். தெரியலைன்னா நானும் இந்த வீட்டுல தெரியமாட்டேன்” என்று சொல்லிவிட்டு அக்கா எங்கள் ஊரில் இருக்கும் தம்பி வீட்டுக்கு பஸ் ஏறிவிட்டார்.

தாண்டவமூர்த்தி இந்த வாக்கியத்தை ஒரு சைக்கிள் டோக்கனின் பின்புறம் எழுதிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். இனிமேல் நடப்பதற்கெல்லாம் அந்த டோக்கன்தான் காரணம்.

குளம் வந்தது. ஒன்று இல்லை, மூன்று. முதல் குளத்தில் மண்ணும் குப்பையும் தங்கும். இரண்டாவது நாணலும் சம்பங்கோரையும் நட்ட படுகை. அழுக்கை அவைதான் தின்னும். மூன்றாவது தெளிந்த தண்ணீருக்கான குளம்; சுற்றிலும் நடைபாதை, சிமெண்ட் பெஞ்சு, ஊஞ்சல். அங்கிருந்து தண்ணீர் ஏரிக்குப் போகும். கட்டி முடித்த பொறியாளர் ஹேமாவதி என்ற பெண், வேறு ஊரில் இன்னொரு குளம் வெட்டப் போகும்போது கீழத்தெருவிலிருந்து நால்வரைப் பராமரிப்புக் குழுவாகப் போட்டுவிட்டுப் போனார். தலைவர் தாண்டவமூர்த்தி. ரேஷன் கடையில் எடை போட்டு ஓய்வு பெற்ற பொன்னுரங்கம். கோயில் திருவிழாவுக்கு ஒவ்வொரு தெருவுக்கும் முறை பிரித்துக் கொடுக்கிற வெள்ளைச்சாமி. நால்வரில் உயரமானவர் என்பதைத் தவிர வேறு பதவி இல்லாத அந்தோணிராசு.

“ரொம்ப சுலபம்ங்க” என்றார் ஹேமாவதி. “செடிங்கதான் எல்லா வேலையும் பார்க்கும். தண்ணி படுகையில ரெண்டு நாள் நிக்கணும். ஜனங்க தினமும் வந்து பொழுதுபோக்கிட்டுப் போகணும். அவ்வளவுதான்.”

அவ்வளவுதான் என்று சொன்னவர்களை நான் என் அனுபவத்தில் நம்புவதில்லை. அவர்கள் நம்பினார்கள்.

முதல் மழை வந்தது. கடைத்தெருத் தண்ணீர் கறுப்பாக, நுரை தள்ளிக்கொண்டு வந்தது. நால்வரும் வாய்க்கால் ஓரத்தில் நின்று பார்த்தார்கள். தாண்டவமூர்த்திக்கு மனசு கேட்கவில்லை.

“இதை அப்படியேவா அந்தச் செடிங்க கையில கொடுக்கிறது?”

“வேலைக்கு வர்ற பொம்பளைக்கே நம்ம வீட்டுல தட்டுல இருக்கிற எலும்பை எடுத்துட்டுத்தான் கழுவப் போடறோம்” என்றார் பொன்னுரங்கம்.

“நேத்து நட்ட செடி. முதல் நாளே இவ்வளவு வேலை கொடுத்தா நம்மளைப் பத்தி என்ன நினைக்கும்?” என்றார் வெள்ளைச்சாமி.

ஆகவே வாய்க்கால் வாயில் நான்கு மடிப்பு வேட்டி கட்டித் தண்ணீரை வடிகட்டினார்கள். சகதியை வாளியில் எடுத்து ஓரமாக வைத்தார்கள். வடிந்த தண்ணீரில் கொஞ்சம் படிகாரமும் கலந்து, செடிகளுக்குச் சிரமம் இல்லாமல் அனுப்பினார்கள். ஒன்றரை மாதம் இப்படி நடந்தது. நாணல் மஞ்சளாகி, பிறகு வைக்கோலாகத் தொடங்கியது. போனில் ஹேமாவதி தலையில் அடித்துக்கொள்கிற சத்தம் கேட்டதாக அந்தோணிராசு பிற்பாடு சொன்னார்.

“ஐயா, அதுங்களுக்கு அந்த அழுக்குதான் சாப்பாடு! பட்டினி போட்டுட்டீங்களே!”

நால்வரில் அன்று யாரும் சாப்பிடவில்லை. மறுநாள் காலை வெள்ளைச்சாமி கோயிலிலிருந்து நான்கு சாம்பார் வாளியும் கரண்டியும் எடுத்து வந்தார். ஓரமாக எடுத்து வைத்த சகதியை வாளியில் கரைத்து, படுகையில் இறங்கி, வரிசை வரிசையாக ஒவ்வொரு செடிக்கும் அடியில் ஒரு கரண்டி பரிமாறினார்கள்.

“இது தலையை ஆட்டுதே. போதும்கிற மாதிரி இருக்கு” என்றார் அந்தோணிராசு.

“அண்ணே, பந்தியில போதும்னு சொன்னா இன்னொரு கரண்டி வைக்கிறதுதான் மரியாதை. வைங்க” என்றார் வெள்ளைச்சாமி.

“இன்னும் ஆட்டுதே.”

“கூச்சப்படுது. வைங்க.”

இந்த இடத்தில்தான் என் முதல் சந்தேகம் வந்தது. இவ்வளவு ஊட்டினால் செடி அழுகியிருக்க வேண்டும். ஆனால் நாணல் ஆள் உயரத்துக்குப் பச்சைப்பசேல் என்று வளர்ந்ததாக அக்கா சொன்னார். புத்தகத்தைப் புரட்டினேன். நாணல் அப்படித்தான் வளருமாம். புத்தகம் முட்டாள்கள் பக்கம் சாய்ந்ததில் அதை ஒரு வாரம் அலமாரியில் தலைகீழாக வைத்தேன்.

சாப்பாட்டுப் பிரச்சினை தீர்ந்ததும் நேரப் பிரச்சினை வந்தது. தண்ணீர் இரண்டு நாள் நிற்க வேண்டும். திங்கள்கிழமை ஒரு மழை. அதற்கு இரண்டு நாள் முடியும் முன்பே செவ்வாய்க்கிழமை இன்னொரு மழை.

“எது திங்கக்கிழமைத் தண்ணி, எது செவ்வாக்கிழமைத் தண்ணின்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது?” என்று கேட்டார் தாண்டவமூர்த்தி.

“மண்ணெண்ணெய்க்கு முந்நூறு பேர் நிக்கும்போது நான் எப்படிச் சமாளிச்சேன்?” என்றார் பொன்னுரங்கம். “டோக்கன்.”

எல்லாரும் அவரை மரியாதையோடு பார்த்தார்கள். கொட்டாங்கச்சிகளில் சுண்ணாம்பால் நம்பர் எழுதினார்கள். ஒரு மழை வந்ததும் ஒரு கொட்டாங்கச்சியைத் தண்ணீரில் விடுவது, அது படுகையில் இரண்டு நாள் நின்றபின் வெளியேற அனுமதிப்பது என்று முடிவானது. ஒன்றாம் நம்பரை விட்டார்கள். காற்று அடித்தது. கொட்டாங்கச்சி நாணலுக்கு நடுவே குடுகுடுவென்று ஓடிப் பத்தே நிமிடத்தில் மறுபக்க மதகுக்கு வந்து நின்றது.

“பார்த்தீங்களா, ஏமாத்தித் தப்பிக்கப் பார்க்குது” என்றார் வெள்ளைச்சாமி.

“ரெண்டு நாள் நிக்கச் சொன்னா பத்து நிமிஷமா?” என்றார் பொன்னுரங்கம்.

அதை எடுத்துக்கொண்டுபோய் மறுபடி ஆரம்பத்தில் விட்டார்கள். மறுபடி ஓடி வந்தது. மூன்றாம் முறை, நீர் நிற்காது, யாராவது நிற்க வைக்க வேண்டும் என்று குழு ஒருமனதாகத் தீர்மானித்தது. உயரம் கருதி அந்தோணிராசு இறங்கினார். இடுப்பளவு சேற்றில் நின்று கொட்டாங்கச்சியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். செவ்வாய்க்கிழமை மழைக்கு இரண்டாம் நம்பர் வந்தது; அதையும் பிடித்தார். புதன்கிழமை மூன்றாம் நம்பர் வந்தபோது அவருக்குக் கை போதவில்லை. அதைத் தலையில் கவிழ்த்து வைத்தார்கள்.

நான் இதை வீட்டுக் குளியலறையில் அண்டாவில் செய்து பார்த்தேன். என் மனைவி கதவைத் தட்டி, “உள்ளே என்ன பண்றீங்க?” என்றாள். “தண்ணியை நிக்க வச்சிட்டிருக்கேன்” என்றேன். அவள் அதன் பிறகு எதுவும் கேட்கவில்லை. முப்பது வருடக் குடும்ப வாழ்க்கையில் அந்த மௌனம்தான் என்னைப் பற்றி வந்த மிகச் சரியான விமர்சனம்.

பொழுதுபோக்கு விஷயத்தை வெள்ளைச்சாமி தனியாக ஏற்றுக்கொண்டார். ஜனங்கள் தினமும் வர வேண்டும் என்றால் ஒருநாள் கூட்டம், ஒருநாள் வெறிச்சென்று இருக்கக்கூடாது. திருவிழாவுக்கு மண்டகப்படி பிரிக்கிற மாதிரியே பிரித்தார். திங்கள் மேலத்தெரு, செவ்வாய் செட்டித்தெரு, புதன் கீழத்தெரு என்று நோட்டில் எழுதினார். முறை வருகிற தெருவில் வீட்டுக்கு ஒருவர் வந்து முக்கால் மணி நேரம் நடந்து, கால் மணி நேரம் ஊஞ்சலாடி, சந்தோஷமாக இருந்துவிட்டுப் போக வேண்டும்.

“எனக்கு நாத்து நடவு இருக்கு. சந்தோஷமா இருக்க நேரமில்ல” என்றார் ஒருவர்.

“ஊரே இருக்கும்போது நீ மட்டும் இருக்கமாட்டியா? வரமுடியலைன்னா உனக்குப் பதிலா ஆள் அனுப்பு.”

எல்லோரும் ஆள் அனுப்பத் தொடங்கினார்கள். எல்லோரும் அனுப்பியது ஒரே ஆளை. வேலைவெட்டி இல்லாத கோதண்டம் என்பவர் விடிந்தது முதல் பொழுது சாயும்வரை பன்னிரண்டு வீட்டுக்காக நடந்தார், பன்னிரண்டு வீட்டுக்காக ஊஞ்சலாடினார். இரண்டாவது வாரம் தாண்டவமூர்த்தியிடம் வந்து அழுதார்.

“அண்ணே, பொழுதுபோக்கிப் பொழுதுபோக்கி இடுப்பே விட்டுப்போச்சு. ஒரு நாள் லீவு கொடுங்க.”

“லீவு எடுத்து என்ன பண்ணுவ?”

“சும்மா பெஞ்சுல உக்காந்திருப்பேன்.”

“அது பொழுதுபோக்காச்சே. அன்னைக்கும் உன் முறைதானா?” என்று வெள்ளைச்சாமி நோட்டைத் திறந்தார்.

இப்படியே நாட்கள் போய்க்கொண்டிருந்தன. ஆனால் மூன்றாம் குளத்தில் அடி தெரியவில்லை. தெரிவதற்கு வழியில்லை. ஒருபக்கம் பந்தி பரிமாறக் கலக்கினார்கள், மறுபக்கம் டோக்கன் பிடிக்கக் கலக்கினார்கள். தாண்டவமூர்த்தி தினமும் கரையில் உட்கார்ந்து சட்டைப்பையிலிருந்து அந்த சைக்கிள் டோக்கனை எடுத்துப் படிப்பார். மதியம் கடையில் பரோட்டா தின்பார். கன்னம் உள்ளே போய்விட்டது என்று மற்ற மூவரும் பேசிக்கொண்டார்கள்.

அப்போது அந்தோணிராசுக்குக் குளிர்ஜுரம் வந்தது. ஆறு நாள் இடுப்பளவு தண்ணீரில் நின்றால் வராமல் என்ன செய்யும்? குழுவில் ஒருவர் படுத்தால் மற்றவர்கள் உடனிருப்பதுதானே முறை? மூவரும் ஆஸ்பத்திரியில் பதின்மூன்று நாள் அவர் கட்டிலைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். பதின்மூன்று நாள் குளத்தை எவரும் தொடவில்லை. செடிகளை முதன்முறையாக வேலை பார்க்க விட்டார்கள் என்று நான் சொல்வேன். அவர்கள் அப்படிச் சொல்லவில்லை. திரும்பி வந்து பார்த்துவிட்டு, “அந்தோணி பட்ட கஷ்டம் வீண் போகல” என்றார்கள்.

தண்ணீர் தெளிந்திருந்தது. ஆனால் புதிய விவாதம் எழுந்தது.

“அடி தெரியுதா?” என்று கேட்டார் தாண்டவமூர்த்தி.

“பழுப்பா ஒண்ணு தெரியுது” என்றார் அந்தோணிராசு.

“அது அடியா, கலங்கலா? ரெண்டும் ஒரே நிறமாச்சே” என்றார் பொன்னுரங்கம். “அடின்னு நினைச்சு வீட்டம்மாவைக் கூப்பிட்டு, அது கலங்கலா இருந்துட்டா?”

தாண்டவமூர்த்தி எடுத்த போனை மறுபடி பையில் போட்டுக்கொண்டார். யார் பார்த்தாலும் சந்தேகமில்லாமல் அடையாளம் தெரிகிற ஒரு பொருளை அடியில் வைத்துவிட்டால் தெரிகிறதா இல்லையா என்று சொல்லிவிடலாம் என்றார் வெள்ளைச்சாமி. ஊரில் எல்லாருக்கும் அடையாளம் தெரிந்த பொருள் எது? நால்வரும் ஒரே நேரத்தில் ஒன்றையே நினைத்தார்கள். ஆனால் சொல்லும் தைரியம் கணவருக்கு மட்டும்தான் இருந்தது.

“அவ மூஞ்சி.”

வீட்டுச் சுவரில் கறுப்பு வெள்ளைக் கல்யாணப் போட்டோ மாட்டியிருந்தது. அதைக் கழற்றி, ஜெராக்ஸ் கடையில் லேமினேட் செய்து, அக்காவின் அம்மிக்கல்லிலேயே கட்டிக் குளத்தின் நடுவில் இறக்கினார்கள். அக்காவுக்குத் தகவல் போனது. ஞாயிற்றுக்கிழமை காலை பஸ்ஸை விட்டு இறங்கி நேராகக் கரைக்கு வந்து, இடுப்பில் கைவைத்துக்கொண்டு எட்டிப் பார்த்தார். 

“தெரியுதா?” என்றார் தாண்டவமூர்த்தி.

“தெரியுது.”

“யாரு?”

“நான்தான். வேற யாரு?”

“பக்கத்துல?”

“நீங்க. மூக்கு மேல நத்தை உக்காந்திருக்கு.”

அக்கா சொன்ன சொல் தவறாதவர். பையோடு வீட்டுக்குப் போனார். அடுத்த வாரம் வந்த ஹேமாவதி, கறுப்பும் வெள்ளையுமாக ஒரு தட்டைத் தண்ணீரில் இறக்கித்தான் தாங்களும் தெளிவைப் பார்ப்பதாகச் சொல்லி, போட்டோவை அப்படியே விட்டுவைக்கச் சொன்னார். என்னுடைய மிகப் பெரிய சந்தேகம் இந்த இடத்தில்தான் இருந்தது. விசாரித்தேன். அப்படி ஒரு தட்டு இருக்கிறது. ஒன்பது வருடத்தில் நான் எங்கெல்லாம் சந்தேகப்பட்டேனோ அங்கெல்லாம் அவர்கள்தான் ஜெயித்தார்கள்.

அதுமுதல் தாண்டவமூர்த்திக்குக் காலையில் ஒரே வேலை. எழுந்ததும் குளத்துக்குப் போவார். அடியில் மனைவி முகம் தெரிகிறதா என்று பார்ப்பார். தெரிந்தால் நிம்மதியாக வீட்டுக்கு வந்து, அக்கா சுட்ட இட்லியைச் சாப்பிடுவார்.

அடுத்த ஐப்பசியில் ஒரு காலை. மழை விட்டிருந்தது. மூன்றாம் குளம் காப்பி நிறத்தில் இருந்தது. நடுவில் ஓர் எருமை கழுத்தளவு தண்ணீரில் படுத்து அசைபோட்டுக்கொண்டிருந்தது. அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அன்றைக்கு எந்தத் தெரு முறை என்று மட்டும் வெள்ளைச்சாமி நோட்டைப் பார்த்தார்.

தாண்டவமூர்த்தி கரையில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். சைக்கிள் டோக்கனை எடுத்து நீட்டினார். “‘தெரியலைன்னா நானும் இந்த வீட்டுல தெரியமாட்டேன்.’ அவ சொன்னது. போயிட்டா.”

“எதுக்கும் வீட்டுக்குப் போய் ஒரு எட்டு பார்த்துட்டு வந்துடலாமே?” என்றார் அந்தோணிராசு.

பொன்னுரங்கம் அவரைப் பரிதாபமாகப் பார்த்தார். “யோவ், வீட்டுல இருந்தாங்கன்னா இங்க தெரிஞ்சிருக்கணும். இங்க தெரியலை. அப்ப வீட்டுல இல்ல. ஆள் இல்லாத வீட்டுல போய் எதைத் தேடுவ?”

“அப்ப எங்க தேடறது?”

“கடைசியா எங்க பார்த்தோம்?”

நால்வரும் குளத்தைப் பார்த்தார்கள். தாண்டவமூர்த்தி முதலில் குதித்தார். மற்றவர்களும் இறங்கினார்கள். காலால் துழாவினார்கள், கையால் துழாவினார்கள். துழாவத் துழாவத் தண்ணீர் இன்னும் கலங்கியது. கலங்கக் கலங்க அவர் இன்னும் சத்தமாகக் கூப்பிட்டார். எருமை எழுந்து கௌரவமாக இடம் மாறிப் படுத்தது.

அந்த நேரத்தில்தான் சௌந்தரவல்லி அக்கா, இட்லி ஆறுகிறதே, போனவரைக் காணோமே என்று பாதி வழி வந்து, கூச்சல் கேட்டுக் கரைக்கு ஓடி வந்தார்.

“எதைத் தேடறீங்க?” என்றார்.

“வீட்டம்மாவைக் காணோம்மா” என்றார் வெள்ளைச்சாமி, நிமிர்ந்து பார்க்க நேரமில்லாமல். “சும்மா நிக்காதே. ஒரு கை பிடி.”

இங்கே அக்கா ஒரு முட்டையைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் உரிக்காமல் இருப்பார். பிறகு சொல்வார்:

“நான் இங்கதான் நிக்கிறேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் சார். வாயைத் திறந்தேன். ஆனா அந்த மனுஷன் கல்யாணமாகி இருபத்திமூணு வருஷமா என்னை ‘இந்தாப்பா’, ‘ஏய்’னுதான் கூப்பிட்டிருக்கார். அன்னைக்கு நெஞ்சளவு தண்ணியில நின்னுக்கிட்டு, ‘சௌந்தரவல்லி, சௌந்தரவல்லி’ன்னு பேர் சொல்லி அழறார். அதைக் கேட்டதும் எனக்கும் பதறிப்போச்சு. பாவம், அந்தப் பொம்பளை எங்க போனாளோன்னு புடவையைத் தூக்கிச் செருகினேன். ‘நீங்க அந்தப் பக்கம் பாருங்க, நான் மதகுப் பக்கம் பார்க்கிறேன்’னு இறங்கிட்டேன்.”

அவ்வளவுதான். முட்டை முடிந்திருக்கும். மணி அடித்திருக்கும். அக்கா எழுந்து போய்விடுவார்.

போன மாதம் அவர் ஓய்வு பெற்றார். பள்ளியில் சால்வை போர்த்தினோம். தாண்டவமூர்த்தியும் வந்து மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து, கேசரியை மிகக் கவனமாகச் சாப்பிட்டார். இனிமேல் கேட்கச் சந்தர்ப்பம் வாய்க்காது என்று எனக்குத் தெரியும். என் சட்டைப்பையில் ஒரு தாள் இருந்தது. நாணலின் வேர் எவ்வளவு ஆழம், படிகாரம் எத்தனை கிராம், மூன்றாம் நம்பர் கொட்டாங்கச்சி எந்தத் தேதியில் வெளியேறியது என்று ஏழு கேள்விகள் எழுதி வைத்திருந்தேன். ஒரு வேதியியல் ஆசிரியர் கேட்க வேண்டிய கேள்விகள். வாசலில் அவர் செருப்பைப் போட்டுக்கொண்டிருந்தபோது அருகில் போனேன். தாளை எடுத்தேன். மடித்து உள்ளே வைத்தேன். கேட்டேன்:

“அக்கா, கடைசியில நீங்க கிடைச்சீங்களா, இல்லையா?”